மரவட்டைக் குஞ்சுகளின் வளர்ப்பு

பெங்களூரில் கோடைமழை இரண்டொரு முறை பெய்து மண் உள்வரை நனைந்துவிட்டால், லால்பாக்கின் மரநிழல்களிலும், வேளாண்மைப் பல்கலைக்கழகத்தைச் சார்ந்த தோப்புகளிலும், வீட்டுத் தோட்டங்களில் தொட்டிகளின் அடியிலும் மரவட்டைகள் வெளிப்படத் தொடங்குகின்றன. தமிழ்ச் சிறுவர்கள் இதனை ரயில் பூச்சி என்பர். கன்னடப் பாடநூல்கள் சஹஸ்ரபதி என்று கூறும். பள்ளி திறக்கும் ஜூன் மாதமும் இவை நடமாடும் மாதமும் ஒன்றாகவே இருப்பதால், மாணவன் ஒருவன் இரண்டு மூன்று மரவட்டைகளைத் தீப்பெட்டியிலோ டப்பாவிலோ அடைத்து வகுப்பிற்குக் கொண்டு வருவது ஆண்டுதோறும் நிகழ்வதேயாகும். ஆசிரியரும் அவற்றை ஒரு கண்ணாடிச் சாடியில் மண்ணிட்டு வைக்கிறார். வளர்ந்த மரவட்டை எளிதில் இறப்பதில்லை. சில வாரங்கள் கழித்து மண்ணைக் கிளறும்பொழுது, வெண்ணிற நூல்துண்டுகளைப் போன்ற குஞ்சுகள் நெளிவதைக் கண்டு வகுப்பு முழுவதும் மகிழ்ச்சி அடைகிறது. பின்னர் ஒரு மாதத்திற்குள் அவற்றுள் பெரும்பாலானவை காணாமற் போகின்றன.

இவ்விழப்பு நேர்வது பெரும்பாலும் கவனிப்புக் குறைவினால் அன்று. பழைய மண் அழுக்கு எனக் கருதி அதனைக் கொட்டிவிட்டுப் புதுமண் நிரப்புதல், குஞ்சுகளை எண்ணிப் பார்ப்பதற்காக நாள்தோறும் கிளறுதல், பசுந்தழைகளை உணவாக இடுதல் ஆகிய மூன்றும் அன்பினால் செய்யப்படுகின்றன. மூன்றும் குஞ்சுகளுக்குத் தீங்கானவை. இவை ஏன் தீங்கு பயக்கின்றன என்பதை அறிவதற்கு, மரவட்டை எவ்வாறு பிறந்து வளர்கிறது என்பதை முதலில் அறிதல் வேண்டும்.

மரவட்டை பூச்சியினத்தைச் சேர்ந்ததன்று; பூரானும் அன்று. பூரான் ஊனுண்ணி, உடலின் ஒவ்வொரு கண்டத்திற்கும் ஓரிணைக் கால்களே உடையது, நச்சுக்கொடுக்கினால் கொட்டும். மரவட்டைக்குக் கொட்டும் உறுப்பு இல்லை. அதன் உடல் வளையங்களுள் பெரும்பாலானவற்றிற்கு இரண்டிணைக் கால்கள் உண்டு. தலைக்கு அடுத்த முதல் வளையத்திற்குக் கால்களே இல்லை. அதற்கடுத்த மூன்று வளையங்களுக்கு ஓரிணை வீதமே உண்டு. உலகில் பன்னிரண்டாயிரத்திற்கும் மேற்பட்ட இனங்கள் விவரிக்கப்பட்டுள்ளன. 2016-இல் வெளியான ஒரு பட்டியல் இந்தியாவிலிருந்து குறைந்தது 270 இனங்களைக் குறிப்பிடுகிறது. ஆயிரங்காலி என்னும் பெயர் நெடுங்காலம் வெறும் உபசாரமாகவே இருந்தது. 750 கால்களுக்கு மேற்பட்ட எதுவும் அறியப்படவில்லை. 2021-இல் மேற்கு ஆஸ்திரேலியாவில், கனிம ஆய்விற்காகத் துளையிட்ட குழியில் நிலமட்டத்திற்குச் சுமார் 60 மீட்டர் ஆழத்தில் கிடைத்த ஓரினத்திற்கு 1,306 கால்கள் எண்ணப்பட்டபோதுதான் அப்பெயர் மெய்யாயிற்று. இந்திய மரவட்டைகளின் உடலமைப்பை விரிவாக அறிய விரும்பும் ஆசிரியர்கள், ஜி. கிருஷ்ணன் தைரோபைகஸ் என்னும் மரவட்டையைப் பற்றி எழுதி 1968-இல் விஞ்ஞான, தொழில் ஆராய்ச்சிக் கவுன்சில் வெளியிட்ட நூலை நூலகங்களில் தேடிப் படிக்கலாம்.

பெங்களூரில் எளிதாகக் கிடைப்பவற்றை வளர்ப்போர் இரு பிரிவாகக் கொள்ளலாம். உருண்டு நீண்ட உடலுடையவை ஒருவகை. முதுகு தட்டையாகி, இருபுறமும் சிறகு போன்ற விளிம்புடையவை மற்றொருவகை. மேற்குத் தொடர்ச்சி மலைப்பகுதிகளில் தொட்டவுடன் உருண்டையாகச் சுருண்டுகொள்ளும் மூன்றாவது வகை ஒன்றும் உண்டு. அதனைப் பற்றிப் பின்னர்க் கூறப்படும்.

பிறப்பும் கால்களின் கணக்கும்

நீளுருண்டை வகையைச் சேர்ந்த பல இனங்களில், தாய் ஒவ்வொரு முட்டையையும் மென்ற மண்ணும் இலைமக்கும் தன் எச்சமும் கலந்த ஒரு சிறு கூட்டினுள் வைத்து மூடுகிறது. மண்ணைப் பரப்பிப் பார்ப்போர் இவற்றை வெறும் மண்கட்டி என எண்ணி எறிந்துவிடுவதுண்டு. தட்டை முதுகு வகையில் பலவும் தம் எச்சத்தினாலேயே குவிமாடம் போன்ற ஓர் அறை கட்டி, அதனுள் முட்டைகளைத் திரளாக இடுகின்றன. சில வாரங்களில் முட்டை வெடிக்கிறது. நீளுருண்டை வகைகளில் முதலில் வெளிப்படுவது கால்களற்று அசைவின்றிக் கிடக்கும் ஒரு நிலையாகும். அது தோலுரித்த பின்னரே நடமாடும் குஞ்சு தோன்றுகிறது.

அக்குஞ்சுக்கு இருப்பவை மூன்றிணைக் கால்களே. இதனைக் கண்ட மாணவர்கள் இது வேறு ஏதோ பூச்சியின் குட்டி என்று வாதிடுவர்; ஆறு கால்கள் உள்ளவை பூச்சிகள் என்றுதானே அவர்கள் படித்திருக்கின்றனர். ஒவ்வொரு முறை தோலுரிக்கும்பொழுதும் உடலின் பின்முனைக்கு முன்பாகப் புதிய வளையங்கள் தோன்றுகின்றன. அவற்றோடு கால்களும் பெருகுகின்றன. தட்டை முதுகு வகையின் பெரும்பாலான இனங்களில் இக்கணக்கு மாறாத ஒழுங்குடையது. முதற் பருவத்தில் 7 வளையங்களும் 3 இணைக் கால்களும். இரண்டாவதில் 9 வளையங்களும் 6 இணைகளும். மூன்றாவதில் 12 வளையங்களும் 11 இணைகளும் காணப்படும். அதன்பின் வளையங்கள் 15, 17, 18, 19 என ஏறி, எட்டாம் பருவமாகிய முதிர்நிலையில் 20 ஆகின்றன. பெண்ணின் கால் இணைகள் நான்காம் பருவத்திலிருந்து முறையே 17, 23, 27, 29, 31 ஆகும். ஆணுக்கு ஒவ்வொன்றிலும் ஓரிணை குறைவு. ஏழாவது வளையத்தில் ஓரிணைக் கால்கள் நடப்பதற்கு உதவாமல் இனப்பெருக்க உறுப்பாக மாறுவதே இதற்குக் காரணம்.

உருப்பெருக்கிக் கண்ணாடி ஒன்று இருந்தால் ஐந்தாம் வகுப்பு மாணவனும் இதனை எண்ணிவிட முடியும். உயிருள்ள குஞ்சைப் பிடித்து எண்ணுவதைக் காட்டிலும், உரித்துப்போட்ட சட்டை கிடைத்தால் அதை எண்ணுவதே நன்று. ஆயினும் அது கிடைப்பது அரிது. ஏனெனில் மரவட்டை தான் உரித்த சட்டையைப் பெரும்பாலும் தானே தின்றுவிடும்.

ரயில் பூச்சி என்னும் பெயர் ஜப்பானியரிடையேயும் வழங்குவது வியப்பிற்குரியது. நம் சிறுவர்கள் உருவத்தைக் கண்டு அப்பெயரிட்டனர். அங்கோ மெய்யாகவே ரயிலை நிறுத்தியதனால் அப்பெயர் ஏற்பட்டது. மத்திய ஜப்பானின் மலைப்பகுதியில் தட்டை முதுகு மரவட்டை ஒன்று தண்டவாளங்களின்மீது திரள் திரளாக ஏறி, சக்கரங்கள் வழுக்கி வண்டிகள் நிற்க நேர்ந்தது முதன்முதலாக 1920-இல் பதிவாயிற்று. அவ்வினம் ஆண்டிற்கு ஒருமுறை மட்டுமே தோலுரித்து, எட்டு ஆண்டுகளில் ஒரு தலைமுறையை முடிக்கிறது என்பதை நீஜிமா முதலியோர் 2021-இல் வெளியிட்டனர். மேலே கூறிய எட்டுப் பருவங்களின் கணக்கே அங்கு ரயில்வேயின் நாட்காட்டியாக அமைந்துவிட்டது எனலாம். நம் சமவெளியின் வெப்பத்தில் வளர்ச்சி அத்துணை மெதுவாக நடைபெறுவதில்லை. எனினும் பெரிய இனங்கள் முதிர்வதற்கு ஓராண்டிற்கு மேலும் ஆகக்கூடும் என்பதை எதிர்பார்த்தே வளர்ப்பில் இறங்க வேண்டும்.

மண்கலவை

குஞ்சுக்கு மண் படுக்கை மட்டுமன்று. அதுவே வீடும் உணவும் ஆகும். பொரித்தவுடன் அது தன் கூட்டின் சுவரைத் தின்கிறது. பின்னர்த் தாயின் எச்சத்தையும் சுற்றியுள்ள மக்கையும் தின்கிறது. இலையைச் செரிப்பதற்குத் துணைபுரியும் நுண்ணுயிர்கள் இவ்வழியாகவே அதன் குடலைச் சென்றடைகின்றன. பழைய மண்ணைக் கொட்டிவிட்டால் குஞ்சு அந்நுண்ணுயிர்களையும் ஒருங்கே இழக்கிறது. ஆகையால் முதல் விதி, தாய் வாழ்ந்த மண்ணிலேயே குஞ்சுகளை விட்டுவைத்தலாகும். இடமாற்றம் தேவையெனில் தாயையே வேறு பெட்டிக்கு மாற்றலாம்.

புதிதாகக் கலவை செய்வோர், நன்கு மக்கிய இலை இரண்டு பங்கு, விரலால் நசுக்கினால் பொடியும் உளுத்த மரம் ஒரு பங்கு, மருந்து தெளிக்கப்படாத தோட்டத்து மண் ஒரு பங்கு என்னும் அளவில் சேர்த்து, பழைய பெட்டியின் மண்ணில் இரண்டு கைப்பிடியும் கலந்துகொள்ளலாம். பச்சையிலையும் புதிதாய் உதிர்ந்த சருகும் பயன்படா. பூஞ்சணம் படர்ந்து கருமை கொண்ட சென்ற ஆண்டுச் சருகே ஏற்றது. குவியலின் அடியில் கைவிட்டால் அது கிடைக்கும். தூங்குமூஞ்சி மரத்தின் சிற்றிலைகள் விரைவில் மக்கும். மாவிலையும் பலாவிலையும் மக்குவதற்குக் காலம் எடுக்கும், ஆயினும் நெடுநாள் நிற்கும். வேம்பு, புங்கம், தைலமரம் ஆகியவற்றின் இலைகளைத் தவிர்த்தல் வேண்டும். பெங்களூரின் சுற்றுப்புறங்களில் தைலமரத் தோப்புகள் மிகுதியாதலால் இதனைச் சிறப்பாக நினைவூட்ட வேண்டியுள்ளது. போக்குவரத்து மிக்க சாலையோரச் சருகும் ஆகாது.

நாற்றங்கால் கடைகளில் கட்டியாக அழுத்தி விற்கப்படும் தென்னைநார்க் கழிவைப் பலர் வாங்கி நிரப்புகின்றனர். அது ஈரத்தை நன்கு தாங்கும். ஆனால் உணவாகப் பயன்படாது. அதனை மட்டும் நிரப்பிய பெட்டியில் குஞ்சுகள் பட்டினியால் மடியும். பைகளில் விற்கப்படும் தொட்டிக்கலவையிலோ வேப்பம் பிண்ணாக்கும் ரசாயன உரமும் சேர்ந்திருக்கக்கூடும். அது முற்றிலும் விலக்கத்தக்கது.

கலவையை வெள்ளைத் துணியின்மீது பரப்பி, பூரான், எறும்பு, வண்டுப் புழு ஆகியவற்றைப் பொறுக்கி நீக்கிய பின்னரே பெட்டியில் இடவேண்டும். சிலர் கொதிநீர் ஊற்றி எல்லா உயிர்களையும் அழித்துவிடுவர். அங்ஙனம் செய்தால் பழைய மண்ணைச் சேர்ப்பது இன்றியமையாததாகும். துள்ளித் திரியும் வெண்ணிற நுண்பூச்சிகளைக் கண்டு அஞ்ச வேண்டியதில்லை. அவை பூஞ்சணத்தைத் தின்று பெட்டியைத் தூய்மையாக வைக்கின்றன.

குஞ்சுகளுக்குக் கலவையின் ஆழம் எட்டு முதல் பத்து சென்டிமீட்டர் வரை இருத்தல் நலம். பெரிய இனங்கள் வளர வளர ஆழமும் வளர வேண்டும். மூடியிலுள்ள துளைகளை மெல்லிய மல் துணியால் மூடிவிட்டால் குஞ்சுகள் வெளியேறுவதும் ஈக்கள் உட்புகுவதும் தடைப்படும்.

சுண்ணாம்பு, ஈரம், எறும்பு

மரவட்டையின் ஓட்டில் கால்சியம் கார்பனேட் மிகுதியாக உள்ளது. அடிக்கடி தோலுரித்து ஒவ்வொரு முறையும் புதிய ஓட்டினைக் கடினமாக்க வேண்டிய குஞ்சுக்குச் சுண்ணாம்புச் சத்து இடைவிடாது தேவைப்படுகிறது. பெங்களூரைச் சுற்றியுள்ள செம்மண்ணில் அச்சத்துப் பெரும்பாலும் குறைவு. முட்டையோட்டைக் கழுவி உலர்த்தி மாவாக அரைத்து, ஒரு லிட்டர் கலவைக்கு ஒரு தேக்கரண்டி வீதம் சேர்ப்பது போதுமானது. முட்டை புழங்காத இல்லங்களில், நாட்டு மருந்துக் கடைகளில் கடல்நுரை என்னும் பெயரால் விற்கப்படும் கணவாய் ஓட்டினைப் பொடித்துத் தூவலாம். வெற்றிலைச் சுண்ணாம்பைக் கரைத்து ஊற்றுவது பெரும் பிழை. அதன் காரம் மெல்லிய தோலை அரித்துவிடும்.

ஈரத்தின் அளவை அறியக் கருவி எதுவும் வேண்டியதில்லை. ஒரு பிடி கலவையைக் கையில் இறுக்கினால் அது உருண்டையாக நிற்க வேண்டும். விரலிடுக்கில் நீர் சொட்டலாகாது. மரவட்டையின் தோலில் நீர் வெளியேறாது காக்கும் மெழுகுத் தடுப்பு பூச்சிகளுக்கு உள்ளதைப்போல் வலுவானதன்று. வளர்ந்தது ஒரு வாரம் தாங்கும் வறட்சியைக் குஞ்சு ஓரிரு நாட்கள்கூடத் தாங்குவது அரிது. குழாய்நீரைத் திறந்த பாத்திரத்தில் ஓர் இரவு வைத்து, குளோரின் நாற்றம் நீங்கியபின் பெட்டியின் ஒரு பக்கமாக மட்டும் தெளிப்பது நன்று. ஒருபுறம் ஈரமாகவும் மறுபுறம் சற்றுக் காய்ந்தும் இருப்பின், குஞ்சு தனக்கு ஏற்ற இடத்தைத் தானே தேடிக்கொள்ளும்.

கடல்மட்டத்திற்குச் சுமார் 900 மீட்டர் உயரத்திலுள்ள இந்நகரின் தட்பவெப்பம் இவ்வளர்ப்பிற்குப் பெரிதும் உகந்தது. டிசம்பர், ஜனவரி இரவுகளில் குளிர் மிகும்போது குஞ்சுகள் அசைவு குறைந்து ஆழத்தில் தங்கிவிடும். விளக்கு வைத்துச் சூடேற்றுவது தேவையற்றது, மண்ணை உலர்த்தவும் செய்யும். வெயில்படும் சன்னலோரம் எக்காலத்தும் ஆகாது.

பெட்டிக்குப் பகையானவற்றுள் முதலிடம் எறும்பிற்கே உரியது. ஒரே இரவில் ஓர் ஈற்றுக் குஞ்சுகள் முழுவதையும் எறும்புகள் இழுத்துச் சென்றுவிடும். சமையலறையில் சர்க்கரை டப்பாவை நீர்த்தட்டில் வைப்பதுபோலப் பெட்டியையும் நீர்த்தட்டின் நடுவே கல்லின்மேல் வைத்தால் இத்தொல்லை இல்லை. எறும்புப் பொடி தூவுவோர் எறும்போடு மரவட்டையையும் கொல்கின்றனர்.

வெள்ளரித் துண்டோ பூசணித் துண்டோ இடுவதாயின் குஞ்சுகள் மேற்பரப்பிற்கு வரத் தொடங்கிய பின்னரே இடலாம். மறுநாளே எடுத்துவிட வேண்டும். அழுகவிட்டால் ஈக்களும் உண்ணி வகைச் சிற்றுயிர்களும் பெருகும்.

தோலுரிக்கும் காலம்

குஞ்சுகள் பலநாள் கண்ணில் படாமற்போவது இறப்பின் அறிகுறியன்று. தோலுரிப்பதற்கு முன் மரவட்டை மண்ணுள் சென்று, தன் உடலளவிற்கு ஒரு சிற்றறை அமைத்து, அதனுள் வளைந்து கிடக்கிறது. அப்பொழுது அதன் கால்கள் இயங்கா. உடல் வெண்ணெய் போல் மென்மையாயிருக்கும். அறை சிதைந்தால் அது மீண்டும் கட்டிக்கொள்ளும் நிலையில் இல்லை. குச்சியால் ஒருமுறை கிளறுவது நூற்றுக்கணக்கான குஞ்சுகளின் பெட்டியில் எத்தனை அறைகளை உடைக்கும் என்பதை மாணவர்களே கணக்கிட்டுக்கொள்ளலாம். கைதவறி ஓர் அறை உடைந்துவிட்டால், அக்குஞ்சை அதே இடத்தில் விட்டு, மேலே ஒரு சிறு மரப்பட்டையைக் கவிழ்த்து வைப்பதே செய்யத்தக்கது.

பார்க்க வேண்டும் என்னும் ஆவலைத் தடுப்பது கடினம், தடுக்கவும் வேண்டியதில்லை. ஒடுக்கமான கண்ணாடிச் சாடியில் கலவையை நிரப்பிப் பத்துப் பன்னிரண்டு குஞ்சுகளை மட்டும் அதில் விட்டு, வெளிப்புறம் கறுப்புக் காகிதம் சுற்றிவிட வேண்டும். வாரம் ஒருமுறை காகிதத்தை விலக்கினால், சுவரையொட்டிய சுரங்கங்களும் அறைகளும் வெட்டவெளியாகத் தெரியும். மற்ற குஞ்சுகள் உள்ள பெட்டியை எவரும் தொடாதிருக்கலாம். ஈற்றின் ஒரு பகுதியை இவ்வாறு ஆவலுக்கு ஒதுக்கிவிட்டால் எஞ்சியவை பிழைக்கின்றன.

பள்ளிகளில் நேரும் மற்றொரு இழப்பு தசரா விடுமுறையைச் சார்ந்தது. ஜூலையில் பொரித்த குஞ்சுகள் அக்டோபரில் இன்னும் சிறியனவாகவே இருக்கும். பூட்டிய வகுப்பறையில் இரண்டு வாரம் கழித்துத் திறந்தால் பெட்டி காய்ந்து கிடக்கும். பள்ளிக் காவலரிடமோ அருகில் வாழும் மாணவனிடமோ பெட்டியை ஒப்படைத்து, எத்தனை நாளுக்கு ஒருமுறை எத்தனை கரண்டி நீர் என்பதை மூடியின்மேலேயே எழுதி ஒட்டிவிட வேண்டும். ‘தேவைப்பட்டால் நீர் தெளிக்கவும்’ என்று எழுதினால் போதாது. அன்பு மிக்கவர் நாள்தோறும் தெளித்துச் சேறாக்கிவிடுவர்.

கையாளும் முறை

நீளுருண்டை மரவட்டைகள் துன்புறுத்தப்பட்டால் பென்சோகுவினோன் என்னும் பொருளைக் கசியவிடும். அது விரலைப் பழுப்பாக்கும், கண்ணில் பட்டால் கடுமையாக எரிக்கும். தட்டை முதுகு வகை ஹைட்ரஜன் சயனைடை வெளிவிடுவது. வாதுமைக் கொட்டையின் கசப்பு நாற்றம் அதற்கு அடையாளம். திறந்த வெளியில் அவ்வளவு சிறு அளவு மனிதருக்குத் தீங்கு செய்யாது. ஆனால் பல மரவட்டைகளைக் காற்றுப்புகாத புட்டியில் அடைத்துக் குலுக்கினால் அவை தம் நஞ்சினாலேயே மடியக்கூடும். தீப்பெட்டியில் கொண்டுவரும் சிறுவனுக்கு, ஈரச்சருகிட்ட துணிப்பை மேலானது என்பதை எடுத்துரைக்கலாம். தொட்டபின் கைகழுவாமல் கண்ணைக் கசக்கக் கூடாது என்பதையும் உடன் கூற வேண்டும்.

கிராமப் பணியாளருக்கு

இதுவரை கூறியவை வகுப்பறைக்கு மட்டும் உரியவையல்ல. மழைக்காலத்தில் வயலோரங்களிலும் கீற்றுக் கூரைகளிலும் மரவட்டைகள் திரண்டவுடன், மருந்து தெளிக்கலாமா என்று உழவர்கள் களப்பணியாளரை வினவுகின்றனர். மரவட்டையின் இயல்பான உணவு இறந்துபட்ட தாவரப் பொருளேயாகும். மக்கு கிடைக்காதபொழுதோ வறட்சியின்பொழுதோ இளநாற்றையும் மண்ணில் படிந்த காயையும் கடிப்பது உண்டு. அங்கு பாத்தியை ஒட்டிய சருகுக் குவியலைச் சற்று அப்பால் மாற்றினாலே பெரும்பாலும் போதும்.

பெங்களூர் வேளாண்மைப் பல்கலைக்கழகத்தில் ராதா காலே முதலியோர் மண்புழு உரத்தை ஆராய்ந்து பரப்பியதைப் பணியாளர் பலர் அறிவர். அதே மாநிலத்தில், மங்களூர்ப் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த அஸ்வினியும் ஸ்ரீதரும் மேலே குறிப்பிட்ட உருண்டை மரவட்டையாகிய ஆர்த்ரோஸ்பேரா மேக்னாவைக் கொண்டு தோட்டப் பயிர்க் கழிவுகளை உரமாக்கும் ஆய்வினை நடத்தி, 2006-இல் பெங்களூரிலிருந்து வெளிவரும் கரன்ட் சயன்ஸ் இதழில் அதன் முடிவுகளை எழுதினர். இவ்வகைக்குத் துர்நாற்றச் சுரப்பிகள் இல்லை. சுருண்டுகொள்வதே அதன் தற்காப்பு. மரவட்டை உரக்குழி அமைக்க விழைவோர் முதிர்ந்தவற்றைக் காட்டிலிருந்து ஆண்டுதோறும் சேகரித்துக் கொண்டே இருத்தல் இயலாது. அது காட்டிற்கும் நல்லதன்று. குழியிலேயே குஞ்சுகள் பொரித்து வளர்ந்தால்தான் அம்முயற்சி நிலைக்கும். அறுவடை செய்யும் உரத்தை முழுவதும் சலித்து எடுத்துவிட்டால் முட்டைக் கூடுகளும் உரத்தோடு வயலுக்குச் சென்றுவிடுகின்றன. ஆதலின் குழியை இரு பாதியாகப் பிரித்து, ஒரு பாதியின் மழைக்கால மண்ணை அடுத்த கோடைவரை தொடாது விடுதல் வேண்டும். சருகைப் பெருக்கித் தீயிடும் வழக்கம் நகரின் பல தெருக்களில் இன்னும் ஒழியவில்லை. உரக்குழிக்கும் வகுப்பறைப் பெட்டிக்கும் வேண்டிய மூலப்பொருள் அங்கேதான் புகையாகிறது.

குஞ்சுகள் மிகுந்துவிட்டால், தாயை எடுத்த அதே இடத்தில், மழை பெய்த மாலை வேளையில், சருகின் அடியில் பெட்டி மண்ணோடு சேர்த்து விடலாம். விலைக்கு வாங்கிய ஆப்பிரிக்கப் பெருமரவட்டை போன்ற அயல்நாட்டு இனங்களின் குஞ்சுகளை எக்காரணம் கொண்டும் வெளியில் விடலாகாது. அவற்றை வேறொரு வளர்ப்போரிடம் கொடுக்க இயலாதெனில், முட்டைக் கூடுகள் தென்பட்டவுடனேயே அவற்றை உறைபெட்டியில் இரண்டு நாள் வைத்து அழித்துவிடுவதே முறை.